ஆறாவது ஆல்பத்தில் ஒரு பேனா

என் தம்பி லிங்கராஜ் ஜெயித்தவற்றை முதலில் வரிசையாகச் சொல்லிவிடுகிறேன். மூன்று வயதில் தட்டம்மை வந்து இரண்டு கண்ணும் போனபோது பிள்ளை தங்காது என்றார்கள், தங்கினான். படிப்பு எதற்கு, திருச்செந்தூர் கோயில் வாசலில் உட்கார வைத்தால் வயிறு நிறைந்துவிடும் என்று சொந்தக்காரர் ஒருவர் அம்மாவின் முகத்துக்கு நேரே சொன்னார். அவன் பாளையங்கோட்டையில் பார்வையற்றோர் பள்ளி விடுதியில் தங்கிப் பன்னிரண்டாம் வகுப்பு முடித்தான், பிறகு வரலாற்றில் பி.ஏ. பட்டமும் வாங்கினான். மாநில அளவில் பார்வையற்றோருக்கான சதுரங்கப் போட்டியில் மூன்றாம் இடம். தூத்துக்குடியில் ஒரு கப்பல் ஏஜென்சி அலுவலகத்தில் ஒரு மாதம் சும்மா வைத்துப் பார்க்கிறோம் என்று தொலைபேசிக்கு உட்கார்த்தினார்கள். பன்னிரண்டு வருடத்துக்கு மேல் ஆகிறது, இன்னும் அதே நாற்காலியில் இருக்கிறான்.

இத்தனை ஜெயித்தவனுக்கு ஒன்று மட்டும் வெகுகாலம் கைக்கு வரவில்லை. அது கையெழுத்து.

அவன் படித்த பள்ளியின் பழைய மாணவர் மலருக்கு வீட்டார் யாராவது எழுதட்டும் என்று கேட்டிருந்தார்கள். நான் அவனுக்கு மூத்தவள், உமாராணி. எட்டாவது வரை படித்தேன். ஆறுமுகநேரியில் எங்கள் பலசரக்குக் கடையில் கல்லாவில் உட்காருகிறேன். நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

கண் தெரியாதவனுக்கு எல்லா இடத்திலும் கைநாட்டுத்தான். கைநாட்டு என்றால் யாரும் அவனைக் கேட்பதில்லை. விரலைப் பிடித்து, மையில் ஒற்றி, காகிதத்தில் அழுத்தி, துடைத்துக்கொள்ள ஒரு துணியைக் கையில் கொடுத்துவிடுவார்கள். என்ன காகிதம் என்று அவன் கேட்டு முடிப்பதற்குள் அது அடுத்த மேசைக்குப் போயிருக்கும். அப்பா இறந்தபின் வங்கியில் அம்மா பெயரோடு சேர்த்து அவனுக்குக் கணக்குத் திறக்கப் போனோம். எங்கள் தாய்மாமன் இசக்கியப்பன்தான் கூட்டிப்போனார். அங்கேயும் மாமாவே அவன் விரலைப் பிடித்து வைத்தார். வெளியே வந்ததும் லிங்கராஜ் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டான்.

"என்னலே, பொண்ணு பாத்துட்டு வந்தவன் மாதிரி மூஞ்சி கோணிக்கிட்டு வார?" என்றார் மாமா.

"நான் கையெழுத்துப் போடுதேன்னு சொன்னேன்லா மாமா."

"கைநாட்டு வச்சா என்ன? விரலு ஒன் விரலுதான."

"விரலு என்னுதுதான். பிடிச்சது நீங்கள்லா."

மாமா சிரித்துவிட்டார். அவன் சிரிக்கவில்லை. அதன் பிறகு சில மாதம் நான் அவன் கையைப் பிடித்து எழுதப் பழக்கினேன். ஒவ்வொரு தடவையும் ஒவ்வொரு மாதிரி வந்தது. நாளைக்கு வேறு மாதிரி போட்டால் யார் பொறுப்பு என்று அன்று வங்கியில் அதிகாரி கேட்டிருந்தது நியாயம்தான் என்று எனக்கே பட்டது. அவனும் பேனாவை வைத்துவிட்டான்.

இனி பாட்டு விஷயம். நாசரேத்துக்காரர் எஸ்றா கப்பலில் மின்சாதனங்களைப் பார்க்கும் அதிகாரி. கப்பல் ஏறும்போதும் இறங்கும்போதும் காகித வேலைக்காக லிங்கராஜின் அலுவலகத்துக்கு வருவார். காத்திருக்கும் நேரத்தில் போனில் ஏதாவது பாட்டு வைப்பார். ஒருநாள் அவர் வைத்த பாட்டைக் கேட்டு, வந்த அழைப்பைக்கூட எடுக்காமல் லிங்கராஜ் உட்கார்ந்துவிட்டானாம். பிராம்லி யார்ட் என்று இங்கிலாந்தின் வடக்கே ஒரு துறைமுக ஊரில் நான்கு பேர் தொடங்கிய ராக் குழு. ஒன்பது ஆல்பம் போட்டுவிட்டுக் கலைந்துவிட்டார்கள்.

"இந்த டிரம்ம அடிச்ச ரூம் தெரியுது அண்ணே. மேல ஒசரமா ஓடு போட்ட எடம்" என்றானாம் இவன்.

"போன்ல கேட்டே இப்பிடின்னா, நெஜப் பாட்ட கேட்டா என்ன செய்வலே?" என்று எஸ்றா சொல்லிவிட்டு, அடுத்த பயணத்தில் அந்த நாட்டில் ஒரு பழைய சாமான் கடையில் ஒன்பது சி.டி.யையும் தேடி வாங்கி வந்தார். ஒரு ஞாயிற்றுக்கிழமை எங்கள் அம்மா வீட்டில் வைத்து அவற்றைக் கம்ப்யூட்டரில் ஏற்றிக் கொடுத்தார். லாஸ்லெஸ் என்று அதற்குப் பெயர். நானும் அன்று அங்கே இருந்தேன். எனக்காகவும் சேர்த்து விளக்கினார்.

"நாம போன்ல கேக்குறது சுருக்குன பாட்டுக்கா. எடத்த மிச்சம் பிடிக்க, இந்தச் சத்தம் மனுசக் காதுக்கு எட்டாதுன்னு ஒரு கணக்குப் போட்டு, நெறய வெட்டி எறிஞ்சிருவான். இதுல ஒண்ணும் எறியல. அவங்க பதிஞ்சது அப்பிடியே இருக்கு."

"என் காதுக்கு எட்டாதுன்னு அவன் எப்பிடிச் சொல்லுதான்?" என்றான் லிங்கராஜ்.

"அதத்தான் நீ கேட்டுச் சொல்லணும்."

அம்மா அடுக்களையிலிருந்து எட்டிப்பார்த்தாள். "தகரத்துல கல்லு விழுந்த மாதிரி இருக்கு. இதுக்கா அம்புட்டு வெலைக்கு ஹெட்போன் வாங்குன?"

"ஒனக்குக் கேக்கக் கூடாதுன்னுதாம்மா ஹெட்போன்."

"நல்லா இரு" என்றாள் அம்மா. சீனித்தாய் என்று அவள் பெயர். எங்கள் தெருவில் அவள் வாய்க்குப் பயப்படாதவர்கள் கிடையாது.

லிங்கராஜ் அந்த ஒன்பது ஆல்பத்தையும் கேட்ட முறையைச் சொல்ல வேண்டும். அவசரமே படவில்லை. ஓர் ஆல்பத்தை எடுத்தால் மாதக்கணக்கில் அதுதான். முதலில் ஆரம்பத்திலிருந்து கடைசிவரை நிறுத்தாமல் கேட்பான். பிறகு இடது காதில் மட்டும். பிறகு வலது காதில் மட்டும். பிறகு இரண்டும் சேர்த்து. கம்பி இல்லாத ஹெட்போன் திரும்பவும் பாட்டைச் சுருக்கிவிடும் என்று கம்பியுள்ளதையே வைத்திருந்தான். ஃபேனை நிறுத்திவிடுவான். சித்திரை வெயிலில் சட்டை நனைந்து முதுகில் ஒட்டியிருக்கும், அப்படியே உட்கார்ந்திருப்பான்.

ஞாயிற்றுக்கிழமை நான் போகும்போது புதிதாக என்ன அகப்பட்டது என்று சொல்வான். இரண்டாவது ஆல்பத்தில் பாடுகிறவருக்குச் சளி பிடித்திருக்கிறது. மூன்றாவதில் ஒரு பாட்டு நடக்கும்போதே வெளியே மழை. ஐந்தாவதில் டிரம் அடிக்கிற ஆள் மாறிவிட்டார், டிரம்மைக் காலால் மிதிக்கிற கட்டை முன்போல் கிறீச்சிடவில்லை. எனக்கு அந்த இங்கிலீஷ் ஒரு வரிகூடப் புரியாது. என்றாலும் அவன் ஒரு காதை எனக்குக் கொடுத்து, இந்தா இப்ப வரும் என்று விரலைத் தூக்கும்போது, அது வரும். ஊரில் யாருக்கும் தெரியாத வீட்டுக்குள் என்னைக் கூட்டிப்போய் ஒவ்வொரு அறையாகக் காட்டுவது போல இருக்கும்.

ஆறாவது ஆல்பம் 2022 ஆடி மாதம். நான் வாசலில் செருப்பைக் கழற்றுவதற்குள் கூப்பிட்டான்.

"எக்கா, இங்கன வா. இது என்ன சத்தம்னு சொல்லு."

கடைசிப் பாட்டு தொடங்குவதற்கு முன்னால் உள்ள இடம். ஒரு நாற்காலி நகர்கிறது. யாரோ மூச்சு விடுகிறார். பிறகு பொடிச் சத்தம் ஒன்று, மணலில் நண்டு ஓடுவது போல. அதன்பின் ஒருவர் சிரிக்க, பாட்டு ஆரம்பமாகிவிடுகிறது. போனில் கேட்டபோது அந்த இடத்தில் வெறும் சீறல்தான் இருந்ததாம்.

இரண்டு மூன்று தடவை போடச் சொல்லிக் கேட்டேன். "பேனாலே. காயிதத்துல யாரோ எழுதுதாவ."

"எழுதல. எழுதுனா நின்னு நின்னு போகும். இது ஒரே மூச்சுல போயி, ஒரு சுத்து சுத்தி, கடேசில ஒரு குத்து. இது கையெழுத்துக்கா. ஆபீஸ்ல கப்பல் காயிதத்துல நாள் முழுக்கப் போடுவாவ. பக்கத்துல இருந்து கேட்டிருக்கேன், இதுவரைக்கும் கவனிச்சதில்ல."

அந்த இடத்தைத் திரும்பத் திரும்பப் போட்டான். பிறகு கேட்டான்: "ஒரே ஆளு ஒரே கையெழுத்தப் போட்டா ஒரே சத்தம்தான வரும்?"

அப்போதுதான் எனக்கும் உறைத்தது. கையெழுத்து ஒரே மாதிரி இருக்கிறதா என்று நாம் கண்ணால் பார்க்கிறோம். அவன் அதைக் காதால் பார்க்கலாம்.

அடுத்த வாரம் அவன் பெயரைச் சுருக்கமான ஒரு கையெழுத்தாக வரைந்து, அந்தக் கோட்டின் மேல் சாக்குத் தைக்கிற நூலை ஃபெவிகால் வைத்து அட்டையில் ஒட்டிக் கொடுத்தேன். 'லி'யில் தொடங்கி, நடுவில் ஒரே வளைவாக ஓடி, 'ஜ்'ஜின் புள்ளியில் முடியும். அவன் அதைச் சுண்டுவிரலால் தடவித் தடவி நகமே தேய்ந்தது. எழுதும்போது போனைப் பக்கத்தில் வைத்துப் பதிந்துகொள்வான். பிறகு ஹெட்போனில் கேட்பான். ஒற்றைத் தாளில் சத்தம் கிடைக்காது, அடியில் பலகை வேண்டும். ஜெல் பேனா வழுக்கும், சாதா பால்பாயிண்ட்தான் பேசும் என்று ஒவ்வொன்றாகக் கண்டுபிடித்தான். எங்கே போட வேண்டும் என்று தெரிய ஓர் அட்டையில் செவ்வகமாகத் துளை வெட்டிக் கொடுத்தேன். அதைச் சட்டைப் பையிலேயே வைத்துக்கொண்டான்.

"நடுச்சுத்து அவசரப்பட்டுட்டு" என்பான். நான் எடுத்துப் பார்ப்பேன். நடுச்சுத்து சிறுத்திருக்கும்.

ஒரு வருடம் ஆனது. 2023 புரட்டாசி வாக்கில் அவன் போட்ட இரண்டு தாளை ஒன்றன்மேல் ஒன்று வைத்து ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தேன். ஒரு கோடுதான் தெரிந்தது.

வங்கிக்குப் போனோம். இருந்த அதிகாரி நல்ல மாதிரிதான் பேசினார். மேலிடத்தில் கேட்க வேண்டும், பொங்கல் கழித்து வாருங்கள் என்றார். லிங்கராஜ் பேனாவைத் திறக்காமலே திரும்பினான். பழகிய தாள்களில் எத்தனை போட்டாலும் அது கையெழுத்து ஆகாதே. ஒரு காகிதத்தில், ஒரு காரியத்துக்காகப் போட வேண்டும். அது கிடைக்கவில்லை.

இதற்குள் அம்மாவுக்குச் சர்க்கரை முற்றிவிட்டது. கார்த்திகையில் புதுச் செருப்பு கடித்துச் சுண்டுவிரலில் ஒரு புண். அதை யாரிடமும் சொல்லாமல் மஞ்சளை வைத்துக் கட்டிக்கொண்டிருந்தாள். தெரிந்தபோது பாதம் கறுத்திருந்தது. தூத்துக்குடியில் ஒரு தனியார் மருத்துவமனையில் சேர்த்தோம். முழங்காலுக்குக் கீழே எடுக்க வேண்டும், தாமதித்தால் உயிருக்கு ஆபத்து என்றார் டாக்டர்.

அம்மா ஒரே பேச்சில் முடித்துவிட்டாள். "ஏளா, என்னயப் பெத்தவ முழுசாப் பெத்தா. முழுசா அனுப்புங்க. கால வெட்டுனா அப்புறம் என் மூஞ்சில முழிக்காதிய ரெண்டு பேரும்."

"உசுரு பெரிசா காலு பெரிசாம்மா?" என்றேன்.

"எனக்குக் காலு பெரிசு. நடமாடுதவளுக்குத்தான் இந்த ஊருல மருவாதி."

லிங்கராஜ் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றான்.

டிசம்பர் 17, ஞாயிறு காலையில் நான் மாற்றுத்துணி எடுக்க ஆறுமுகநேரிக்கு வந்தேன். மறுநாள் திரும்பிவிடலாம் என்று நினைப்பு. அன்று பிடித்த மழை எல்லாருக்கும் தெரியும். ஆத்தூர்ப் பக்கம் ரோட்டின் மேலேயே ஆறு ஓடியது. எங்கள் கடையில் மூட்டைகள் மிதந்தன. கரண்டு போனது, பின்னாலேயே போன் போனது. மாமா வீட்டுப் பக்கமும் அப்படித்தான். அம்மா என்ன ஆனாள், தம்பி சாப்பிட்டானா, ஒன்றும் தெரியாது. வியாழக்கிழமை ஒரு டிராக்டரிலும் பிறகு நடந்துமாகப் போய்ச் சேர்ந்தேன். மருத்துவமனையின் கீழ்த்தளத்தில் இன்னும் முழங்கால் அளவு தண்ணீர். மாடியில் அம்மா படுத்திருந்தாள். போர்வை ஒரு பக்கம் பாதியிலேயே தட்டையாகப் படிந்திருந்தது.

நடந்ததைச் சொன்னது செண்பகம் என்ற நர்ஸ். ஞாயிறு ராத்திரியே அம்மாவுக்குக் காய்ச்சல் ஏறி, திங்கள் காலையில் நினைவு தப்பியிருக்கிறது. இனி பொறுக்க முடியாது என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். சம்மதக் காகிதத்தில் சொந்தக்காரர் யாராவது கையொப்பமிட வேண்டும். வேறு யாராவது வருவார்களா என்று கேட்டிருக்கிறார்கள்.

"நான் இருக்கேன்" என்றிருக்கிறான் லிங்கராஜ்.

செண்பகம் மைப்பெட்டியைக் கொண்டுவந்து அவன் கையைப் பிடித்திருக்கிறாள். அவன் கையை இழுத்துக்கொண்டான்.

"கைநாட்டு வேண்டாம் சிஸ்டர்."

"அண்ணாச்சி, வெரசா வச்சிருங்க. டாக்டர் நிக்காவ. ரெண்டும் ஒண்ணுதான்."

"ஒண்ணு இல்ல. அம்மா முழிச்சா யாரு சொன்னான்னு கேப்பா. வெரலப் பிடிச்சு வச்சிட்டாவன்னு நான் தப்பிச்சிரலாம். அப்பிடித் தப்பிக்கக் கூடாது. காயிதத்த முழுசா வாசிங்க."

அவள் வாசித்தாள். அவன் இன்னொரு தடவை வாசிக்கச் சொன்னான். எந்தக் கால், எங்கே, உயிருக்கு என்ன உறுதி என்று கேட்டான். உறுதி இல்லை என்றார் டாக்டர். பையிலிருந்து அந்தத் துளை வெட்டிய அட்டையை எடுத்து வைத்தான். அப்புறம் பேனாவை வைத்த இடத்திலேயே வைத்துக்கொண்டு நின்றுவிட்டானாம். ஜன்னலுக்கு வெளியே ஜெனரேட்டர் ஓடிக்கொண்டிருந்தது. அந்த இரைச்சலில் பேனாச் சத்தம் எங்கே கேட்கும்? அதைச் சிறிது நேரம் நிறுத்த முடியுமா என்று கேட்டிருக்கிறான். தீவிரச் சிகிச்சையில் இருக்கிறவர்களின் மூச்சு அதில்தான் ஓடுகிறது என்றாள் செண்பகம். சரி என்று சொல்லிவிட்டு, மேசையில் தலையைச் சாய்த்து, காதைக் காகிதத்தின் மேலேயே வைத்து, போட்டான்.

"படுத்துத் தூங்கப்போறாவளோன்னு நெனச்சேன்" என்றாள் செண்பகம். "எந்திரிக்கும்போது கன்னமெல்லாம் ஈரம்."

அந்தக் காகிதத்தைக் காட்டச் சொல்லிப் பார்த்தேன். ஜன்னல் வெளிச்சத்தில் ஒன்றன்மேல் ஒன்றாகப் பிடித்தேனே, அதே கோடு. பெருமைப்பட எனக்கு அன்று மனசு வரவில்லை. இன்று படுகிறேன்.

அம்மா செவ்வாய்க்கிழமை கண் விழித்திருக்கிறாள். போர்வையைத் தடவிப் பார்த்திருக்கிறாள்.

"யாருலே கையெழுத்துப் போட்டா?"

"நான்தாம்மா."

"ஒனக்கு ஏதுலே கையெழுத்து? ஒங்க மாமன் வந்தானா? அவன் சொல்லி வச்சியா?"

"யாரும் வரலம்மா. நானேதான் போட்டேன்."

நான் போய்ச் சேர்ந்தபோது என்னிடமும் கேட்டாள். அந்தக் காகிதத்தைக் காட்டினேன். வெகுநேரம் பார்த்துவிட்டு, "நல்லாத்தான் எழுதிருக்கான்" என்று சொல்லிச் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள். அதன் பிறகு அவனோடு பேசவில்லை. அவன் ஊட்டினால் சாப்பிட்டாள். அவன் தூக்கி உட்கார்த்தினால் உட்கார்ந்தாள். அவன் வாங்கிக்கொடுத்த சக்கர நாற்காலியில் ஒருநாளும் வாசலுக்கு வரவில்லை. ஏதாவது வேண்டுமென்றால், அவன் பக்கத்தில் இருக்கும்போதே எனக்குப் போன் போட்டு, "ஒன் தம்பிட்ட சொல்லு" என்பாள். நான் போனிலேயே சொல்வேன், அவன் எடுத்துக் கொடுப்பான். தெருவை அதட்டிய வாய் அவன் ஒருவனுக்கு மட்டும் அடைத்துக்கொண்டது.

"ஒரு வார்த்த பேசேம்மா, அவன் என்ன தப்புப் பண்ணுனான்?" என்று சண்டை போட்டிருக்கிறேன்.

"தப்புன்னு நான் சொன்னனாளா?" என்பாள். அவ்வளவுதான்.

2024 ஆவணியில் ஒரு மதியம் இறந்துபோனாள். அந்தக் கையெழுத்தால் கிடைத்தது எட்டு மாதம். அந்த எட்டு மாதமும் அவள் குரலை, அவள் மற்றவர்களிடம் பேசும்போதுதான் அவன் கேட்டான்.

ஏழாவது, எட்டாவது, ஒன்பதாவது ஆல்பங்களை லிங்கராஜ் இன்னும் கேட்கவில்லை. போன வருடம் எஸ்றா வந்து, கடைசி ஆல்பம்தான் அந்தக் குழுவில் சிறந்தது, அதையாவது கேள் என்று மன்றாடிவிட்டுப் போனார். பார்க்கலாம் அண்ணே என்றான். ஆறாவதை மட்டும் சில சமயம் போடுவான். கடைசிப் பாட்டுக்கு முன்னால் நிறுத்திவிடுவான். ஏன் என்று நான் கேட்டதில்லை.

வங்கியில் பிறகு ஒப்புக்கொண்டார்கள். இப்போது காசோலையில் அவனே போடுகிறான். மாமாகூட, எங்க லிங்கராஜ் கையெழுத்து அச்சடிச்ச மாதிரி இருக்கும் என்று கல்யாண வீடுகளில் சொல்லிக்கொண்டு திரிகிறார்.

இதை எழுதி முடித்து அவனுக்கு வாசித்துக் காட்டினேன். வங்கியில் முதன்முதலாகப் போட்ட நாளைக் கடைசியில் எழுதட்டுமா, பள்ளி மலருக்கு அதுதானே நன்றாக இருக்கும் என்று கேட்டேன்.

"பேங்க் தேதிய எழுதாத எக்கா" என்றான். "அதுக்கு முன்னாலயே நான் போட்டாச்சுல்லா. அத எழுது. அம்மா கேட்டப்போ நான்தான்னு சொன்னேன். இப்பவும் நான்தான்."

ஆகவே அதையே எழுதுகிறேன். என் தம்பி லிங்கராஜ் தன் பெயரை முதன்முதலாகக் கையெழுத்திட்ட நாள்: 2023 டிசம்பர் 18, திங்கட்கிழமை.